துத்தம் தெளித்த இலை

எந்தப் பொருளையும் வீணாக்காதவள் என்று எனக்கு ஊரில் பெயர். அந்தப் பெயரைப் பரப்பியதே நான்தான் என்பதையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். கஞ்சி மாட்டுக்கு, கிழிந்த சேலை கால்மிதிக்கு, முட்டை ஓடு ரோஜாச் செடிக்கு என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு வழி வைத்திருப்பேன். வீட்டுக்கு யாராவது வந்தால் அதையெல்லாம் காட்டாமல் அனுப்பமாட்டேன். "வந்தவங்களுக்கு மொதல்ல காப்பியக் குடு, அப்புறமா குப்பையக் காட்டு" என்பார் என் கணவர். அந்தப் பெருமைதான் என் நாத்தனாரின் ஆட்டுப் பட்டியைக் காலி செய்தது. அதை எழுதத்தான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன்.

பொம்மிடியிலிருந்து மலையடிவாரத்துக்குப் போகிற வழியில் எங்களுக்கு ஒன்றரை ஏக்கர் பன்னீர் திராட்சைப் பந்தல் இருக்கிறது. எங்கள் பக்கத்தில் தக்காளி, மஞ்சள், மரவள்ளி போடுவார்களே தவிர திராட்சை வைக்கிறவர்கள் குறைவு. என் கணவர் கம்பத்துக்குப் போய்க் குச்சி வாங்கிவந்து நட்டார். முதல் சில வருடங்கள் மற்றவர்கள் அடிப்பதுபோல நாங்களும் கடையில் கொடுத்த மருந்தையெல்லாம் அடித்தோம். ஒருநாள் மத்தியானம் தெளிப்பான் முதுகில் இருக்கும்போதே அவர் வாந்தி எடுத்து விழுந்துவிட்டார். ஆறு நாள் ஆஸ்பத்திரியில் இருந்து பிழைத்து வந்தார். இடது கண் மட்டும் இன்றுவரை தெளியவில்லை.

அவரை வீட்டில் விட்ட கையோடு, மிச்சமிருந்த மருந்துப் பாட்டில்களை ஒரு பையில் போட்டுக்கொண்டு கடைக்குப் போனேன். திருப்பி வாங்கமாட்டேன் என்றார் கடைக்காரர். அவர் மேசைமேலேயே வரிசையாக வைத்துவிட்டு வந்துவிட்டேன். எனக்குக் கோபம் வந்தால் காலும் கையும் என் பேச்சைக் கேட்காது.

பிறகு இயற்கை விவசாயப் பயிற்சிக்குத் தர்மபுரி போனோம். பஞ்சகவ்யம், மீன் அமிலம், மூடாக்கு என்று எல்லாம் கற்றுக்கொண்டோம். மழைக்காலத்தில் திராட்சை இலையில் வரும் அடிச்சாம்பல் நோய்க்கு என்ன செய்வது என்று நான்தான் எழுந்து கேட்டேன். மயில்துத்தமும் சுண்ணாம்பும் கலந்து தெளிக்கலாம், இயற்கை முறையில் அதற்கு அனுமதி உண்டு என்றார்கள். அளவோடு என்றும் சொல்லியிருப்பார்கள். சொல்லாமல் இருந்திருக்கமாட்டார்கள். என் காதில் அனுமதி என்ற சொல் மட்டும் ஏறியது. பண்ணையில் குப்பை என்று ஒன்று கிடையாது, எல்லாமே ஏதோ ஒன்றுக்குத் தீனி என்றும் அங்கே ஒருவர் பேசினார். எனக்காகவே பேசியதுபோல இருந்தது.

ஊருக்கு வந்ததும் ஒரு தகரப் பலகை வாங்கி, 'விஷம் இல்லாத திராட்சை' என்று சிவப்புப் பெயிண்டில் நானே எழுதித் தோட்டத்து முகப்பில் கட்டினேன். எழுத்து கோணல்தான். ஆனாலும் சாலையில் போகிறவர்கள் நின்று படித்தார்கள், சிலர் வண்டியை நிறுத்திப் பழமும் வாங்கினார்கள்.

மழையில் வெடித்த பழத்தை யாரும் வாங்கமாட்டார்கள். அதைத்தான் வைனுக்கு எடுப்பேன். எங்கள் வேதக்கார வீடுகளில் கிறிஸ்துமஸுக்கு வைன் போடுவது பழக்கம். விற்பதில்லை, விற்கவும் கூடாது. பழத்தைக் காம்பு நீக்கிக் கையால் பிசைந்து, சர்க்கரை, ஒரு பிடி கோதுமை, நாலு கிராம்பு, கொஞ்சம் பட்டை சேர்த்துப் பீங்கான் ஜாடியில் போட்டு, வாயைத் துணியால் கட்டிவிடுவேன். தினமும் ஒரு தடவை மரக்கரண்டியால் கிளறவேண்டும். இருபத்தொரு நாள் கழித்துக் கணவரின் பழைய வேட்டியில் வடிகட்டி, இன்னும் சில நாள் தெளியவிட்டால், மேலே நல்ல சிவப்பில் வைன் நிற்கும். அடியில் சேறு மாதிரி மண்டி தங்கும். பங்குச் சாமியாருக்கு ஒரு பாட்டில் போகும். "இதைப் பூசைக்கு வைக்க எனக்கு அனுமதி இல்லம்மா, பூசை முடிஞ்சு குடிக்க இருக்கு" என்று ஒவ்வொரு வருடமும் அதே தமாஷைச் சொல்லி வாங்கிக்கொள்வார்.

வேட்டியில் தங்கும் சக்கை எனக்குப் பெரிய சவாலாக இருந்தது. கொஞ்சத்தில் வெல்லமும் தண்ணீரும் ஊற்றிப் புளிக்கவைத்து வினிகர் எடுத்தேன். ஊறுகாய்க்கு நன்றாக இருந்தது. கொட்டையைக் காயவைத்து அரைத்து முகத்தில் தேய்த்துப் பார்த்தேன். இரண்டு நாள் முகம் எரிந்ததுதான் மிச்சம். கவாத்து செய்து வெட்டிய குச்சி அடுப்புக்கு. அப்படியும் கூடை கூடையாகச் சக்கையும் மண்டியும் மிஞ்சின. பழக்குலைக்கு வெயில் படுவதற்காகக் கிள்ளிப் போடும் இலை அதற்கு மேல். எங்கள் மாடு இலையை மோந்து பார்த்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டது. அப்போதுதான் நாத்தனாரின் ஆடுகள் என் கண்ணில் பட்டன.

நாத்தனார் என் கணவரின் தங்கை. கட்டிக்கொடுத்த இடத்தில் அடி தாங்காமல் பதினோரு வருடத்துக்கு முன்னால் ஒரு துணிப்பையோடு வந்தாள். பிள்ளை இல்லை. எங்களோடு இரு என்றோம். ஒரு மாதம் இருந்தாள். பிறகு, காதில் கிடந்ததை விற்று இரண்டு செம்மறிப் பெட்டைகளை வாங்கி, எங்கள் நிலத்தின் ஓரத்தில் ஒரு கொட்டகை போட்டுக்கொண்டு அங்கேயே தங்கிவிட்டாள். மேச்சேரி ஆடுகள், செம்மண் நிறம். இரண்டு ஆறாகி, பத்தாகி, நான் சொல்லும் காலத்தில் இருபத்தாறு இருந்தன. கொட்டகைக்கு ஓடு மாற்றியது, கரண்டு இழுத்தது, காய்ச்சல் வந்தால் டாக்டரிடம் போனது எல்லாமே அந்த ஆடுகளால்தான். "இதுங்க இருக்கறவரைக்கும் நான் யாருக்கும் பாரம் இல்லீங்க அண்ணி" என்று வாய்விட்டே சொல்வாள். நாள்கிழமைக்கு நாங்கள் சேலை எடுத்துக் கொடுத்தால் அடுத்த வாரம் ஒரு கிலோ கறியோடு வந்து கணக்கை நேர் செய்துவிடுவாள்.

எனக்கு அது உறுத்தியது. அண்ணன் வீட்டில் வாங்கிக்கொள்வதில் என்ன குறைந்துவிடப் போகிறது என்று என் கணவரிடம் முணுமுணுப்பேன். அவள் என்னிடம் மரியாதையாகத்தான் பேசுவாள். ஒவ்வொரு வார்த்தைக்கும் ஒரு 'ங்க' போடுவாள். அந்த மரியாதைக்கு இந்தப் பக்கம் நான் நிற்பேன், அந்தப் பக்கம் அவள் நிற்பாள்.

ஒரு தை மாதம், முதல் கூடை இலையைக் கொண்டுபோய்ப் பட்டியில் கொட்டினேன். ஆடுகள் முட்டிமோதிக்கொண்டு தின்றன. அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவள் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. காட்டில் மேய்ச்சல் காய்ந்துபோயிருந்த நேரம் அது.

"சும்மா கீழ போறதுதானம்மா, தினமும் வந்து அள்ளிக்க" என்றேன்.

அன்றிலிருந்து தினமும் வந்தாள். வந்தால் உடனே போகமாட்டாள். பந்தல் நிழலில் உட்கார்ந்து எந்த ஆடு சண்டைக்காரி, எந்தக் கிடா சோம்பேறி என்று சொல்லிக்கொண்டிருப்பாள். எனக்கு அது பிடித்திருந்தது. வெட்கமில்லாமல் ஒன்று சொல்கிறேன். அவள் என்னிடம் கடைசியில் ஒன்றை வாங்கிக்கொண்டாள் என்பதுதான் எனக்கு அதைவிட அதிகமாகப் பிடித்திருந்தது.

அந்த வருடம் ஐப்பசியில் தொடங்கிய மழை விடவே இல்லை. துத்தம் அடிப்போம், மழை வந்து கழுவிவிடும், மறுபடி அடிப்போம். வாரத்துக்கு ஒரு தடவை, சில வாரம் இரண்டு தடவை. தொட்டி நீலம், என் நகக்கண் நீலம், அவர் சட்டை நீலம். பந்தலுக்குள் நுழைந்தால் இலையெல்லாம் சுண்ணாம்பு பூசினதுபோல வெளிர்நீலமாக நிற்கும். அந்த இலையைக் கையில் எடுத்து ஒருநாள் நாத்தனார் கேட்டாள்.

"இதக் கழுவிப் போடட்டுங்களா அண்ணி?"

"எதுக்குக் கழுவற? அது மருந்து இல்ல, துத்தம். நாங்களே அந்தப் பழத்தத் திங்கறோம்" என்றேன்.

"இல்லீங்க, நீலமா இருக்குதேன்னு கேட்டேன்."

"போர்டு எழுதி வச்சிருக்கேன் பாரு வாசல்ல. படிச்சுட்டுப் போ" என்று அதட்டலாகவே சொன்னேன். அவள் சிரித்துக்கொண்டே அள்ளிக்கொண்டு போனாள். துத்தத்தையும் நாங்கள் கடையில்தான் வாங்கினோம். அதே மாதிரி ஒரு கடை, அதே மாதிரி ஒரு பை. அது அப்போது எனக்குத் தோன்றவே இல்லை.

கிறிஸ்துமஸுக்கு முன்னால் வைன் வடித்தேன். மழையில் வெடித்த பழம் அதிகம் என்பதால் அந்த வருடம் மூன்று ஜாடி. சக்கையை இரண்டு கூடையிலும் மண்டியை ஒரு வாளியிலும் எடுத்துக்கொண்டு நானே பட்டிக்குப் போனேன். தவிட்டில் கலந்து வைத்தாள். "ஆட்டுக்கும் கிறிஸ்துமஸ்" என்று சொல்லி இரண்டு பேரும் சிரித்தோம்.

புது வருடம் பிறந்து மூன்றாம் நாள், பட்டியிலேயே பெரிய பெட்டை தீனி எடுக்காமல் சுவரில் நெற்றியை முட்டிக்கொண்டு நின்றது. கண்ணின் வெள்ளை மஞ்சளாக இருந்தது. மூத்திரம் காப்பி டிகாஷன் நிறத்தில் போனது. மறுநாள் காலையில் செத்துக் கிடந்தது. அதற்கடுத்த நாள் இன்னும் இரண்டு. நாத்தனார் அழவில்லை. ஒவ்வொரு ஆட்டின் கீழ் இமையையும் இழுத்து இழுத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

எனக்கு உடனே ஒரு முடிவு வந்துவிட்டது. பக்கத்து நிலத்துக்காரர் தக்காளிக்கு மருந்து அடிப்பவர். காற்றில் அந்த நாற்றம் எங்கள் பந்தல்வரைக்கும் வரும். வரப்பில் போய் நின்றுகொண்டு கத்தினேன். மருந்து அடித்த தண்ணீரை வாய்க்காலில் விட்டீர்கள், வாயில்லாத ஜீவனைக் கொன்றீர்கள், ஒரு ஒண்டிப் பொம்பளையின் பிழைப்பைக் கெடுத்தீர்கள் என்று என்னென்னவோ கத்தினேன். களையெடுக்க வந்த பெண்கள், பால் ஊற்றப் போனவர்கள், எல்லாரும் நின்று பார்த்தார்கள். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எங்க பக்கம் உங்க ஆடு வந்ததே இல்லீங்களே" என்றார். அதற்கும் ஒரு பதில் கொடுத்துவிட்டுத்தான் வந்தேன்.

கால்நடை டாக்டரம்மா வந்து செத்த ஆட்டை அறுத்துப் பார்த்தார். ஈரல் மஞ்சள் பூத்திருந்தது. கிட்னி கறுத்துப் போயிருந்தது. என்ன தீனி வைக்கிறீர்கள் என்று கேட்டார். புல், தவிடு, கொஞ்சம் இலைதழை என்று நான்தான் முந்திக்கொண்டு சொன்னேன். ஈரலில் ஒரு துண்டைச் சோதனைக்கு எடுத்துக்கொண்டு, என் போன் நம்பரையும் வாங்கிக்கொண்டு போனார். நாத்தனாரின் போனில் பாதி நேரம் சார்ஜ் இருக்காது.

இரண்டு நாள் கழித்து அவரிடமிருந்து போன் வந்தது. "துத்தம் எங்கயாவது வச்சிருக்கீங்களா? ஆடுங்க நக்கியிருக்குமா?" என்று கேட்டார்.

நான் பந்தலைச் சொன்னேன். இலையைச் சொன்னேன். சக்கையை, மண்டியை, எத்தனை மாதம் என்பதை, எல்லாவற்றையும் சொன்னேன்.

பிறகு நிதானமாக விளக்கினார். துத்தத்தில் இருப்பது செம்பு. செம்மறிக்குச் செம்பை வெளியே தள்ளத் தெரியாது. தின்னத் தின்ன ஈரலில் சேர்த்துவைத்துக்கொண்டே போகும். வெளியே பார்த்தால் கொழுகொழுவென்று இருக்கும். ஒருநாள் ஏதாவது அலைச்சல், பயம், ஓட்டம் என்று வந்தால் சேர்த்தது மொத்தமும் ரத்தத்தில் கலந்துவிடும். அதற்குமேல் காப்பாற்றுவது கஷ்டம்.

"மீதி இருக்கற எல்லாத்துக்கும் இது உள்ள இருக்கும்மா. இலைய இன்னிக்கே நிறுத்துங்க. நாளன்னிக்கு மருந்து வந்துடும், குடுத்துப் பாக்கலாம். அதுவரைக்கும் நிழல்ல கட்டிப்போடுங்க. ஓட்டாதீங்க, வெரட்டாதீங்க. முக்கியமா மலப்பக்கம் நடத்திக் கூட்டிட்டுப் போவாதீங்க."

"நாங்க அந்தப் பழத்துல வைன் போட்டுக் குடிச்சமேங்க" என்றேன்.

"தெளிஞ்சதுல கம்மியாத்தான் இருக்கும். தோல்லயும் அடி மண்டியிலயும்தான் நெறைய நிக்கும். மனுசனுக்கு அவ்வளவு சீக்கிரம் ஒண்ணும் செய்யாது. செம்மறிக்குத்தான் ஆவாது" என்றார்.

தெளிந்ததை நாங்கள் பாட்டிலில் அடைத்துக்கொண்டு, அடியில் நின்றதை அவள் ஆடுகளுக்குக் கொடுத்திருக்கிறேன்.

கணவரிடம் சொன்னேன். அவர் தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். "நீயே போய்ச் சொல்லிடு. என்னால அவ மொகத்தப் பாத்துச் சொல்ல முடியாது" என்றார். நான் போனேன். சொல்லத்தான் போனேன். பட்டி வாசலில் என்னைப் பார்த்ததும் அவள் எழுந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். பதினோரு வருடத்தில் முதல் தடவை.

"அந்தாள வரப்புல நிக்கவச்சுக் கேட்டீங்களாமே அண்ணி. எனக்காக யாரு அப்பிடிக் கேக்கப்போறாங்க" என்றாள்.

கையை விலக்கிக்கொள்ள முடியவில்லை. ஊர் கேட்கக் கத்திவிட்டு வந்தவள் நான். இனி அதே வரப்பில் நின்று அது எங்கள் இலைதான் என்று சொல்லவேண்டும். நாளைக்குச் சொல்லலாம், மருந்து கைக்கு வந்ததும் சொல்லலாம், மருந்தோடு சொன்னால் கொஞ்சம் இலகுவாக இருக்கும் என்று எனக்கு நானே ஒரு நியாயம் செய்துகொண்டேன்.

மூலையில் குவித்திருந்த இலையை மட்டும் இரண்டு சாக்கில் அடைத்தேன். "கொடிக்கு உரமாப் போடணும்மா, இனிமேக் குடுக்க முடியாது. ஆட்ட ரெண்டு நாளைக்கு வெளிய விடாம கட்டியே வையி" என்றேன். தீனியைப் பிடுங்கிக்கொண்டு ஆட்டைக் கட்டிவை என்று சொல்கிறேன். அவள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். ஏன் என்று கேட்கவில்லை. யாரிடமும் எதையும் இரண்டாவது தடவை கேட்கிற பழக்கம் அவளுக்கு இல்லை.

"சரிங்க அண்ணி" என்றாள்.

மறுநாள் காலை எட்டு மணி இருக்கும். பந்தலுக்குள் கொடியைக் கட்டிக்கொண்டிருந்தேன். மண் பாதையில் குளம்புச் சத்தம் கேட்டது. தடியும் தண்ணீர்ப் பாட்டிலுமாக நாத்தனார் முன்னால் போக, இருபத்துமூன்று ஆடுகளும் பின்னால் போயின. கொட்டகையில் தீனி இல்லை. மலையடிவாரத்தில் மழைக்குப் பிறகு புல் இருக்கும் என்று அவளுக்குத் தெரியும். நாலு கிலோமீட்டர், பாதிக்குமேல் ஏற்றம்.

கூப்பிட்டிருக்கலாம். ஐம்பதடி தூரம்தான். அவள் பந்தல் பக்கம் திரும்பிப் பார்த்தாள். நான் குனிந்து கொடியைக் கட்டுவதுபோல இருந்தேன். கூப்பிட்டால் ஏன் என்று சொல்லவேண்டும். ஒருநாள் நடையில் என்ன ஆகிவிடும், டாக்டர்கள் கொஞ்சம் கூட்டித்தான் சொல்வார்கள், சாயங்காலம் வரட்டும், கட்டாயம் சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். கடைசி ஆடு வளைவில் திரும்பும்வரைக்கும் அப்படியே குனிந்திருந்தேன்.

பதினொன்றரைக்கு அவள் போனில் கூப்பிட்டாள். "அண்ணி, ஆடுங்க படுத்துக்கிச்சுங்க. எழுப்பினா எழுந்திரிக்கல" என்றாள். குரலில் பதற்றம்கூட இல்லை, ஏதோ வழி கேட்பதுபோலக் கேட்டாள்.

கணவரின் வண்டியில் போனோம். பாதை முடிந்த இடத்தில் வண்டியைப் போட்டுவிட்டு ஏறினோம். சரிவில் அங்கொன்றும் இங்கொன்றுமாகக் கிடந்தன. சில வாயைத் திறந்து மூச்சு வாங்கின. பாறையெல்லாம் கறுஞ்சிவப்பு மூத்திரம். ஒன்று எங்களைக் கண்டு எழுந்து நாலடி ஓடி முன்னங்கால் மடங்கி விழுந்தது. அவள் ஒரு குட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு, இன்னொன்றை இழுத்து நிழலுக்குக் கொண்டுவர முயன்றுகொண்டிருந்தாள். இறக்கிவைத்தபோது தோளில் இருந்ததும் செத்திருந்தது. அந்தச் சரிவில் மொத்தம் ஏழு.

அங்கேதான் சொன்னேன். செத்துக்கொண்டிருந்த ஒரு பெட்டையின் தலை அவள் மடியில் இருந்தது. எங்கள் இலை, எங்கள் துத்தம், டாக்டரம்மா சொன்னது, நான் சாக்கில் அள்ளிப் போனது எதற்கு, எல்லாவற்றையும் சொன்னேன். அவள் ஆட்டின் காதைத் தடவிக்கொண்டே கேட்டாள்.

"எப்ப சொன்னாங்க டாக்டரு?"

"நேத்து காலைல."

"நடத்தக் கூடாதுன்னுமா?"

"ஆமா."

"காலைல நான் போறப்ப பந்தல்ல இருந்தீங்களே" என்றாள்.

"இருந்தேன்."

"நான் பாத்தேன். நீங்க பாக்கலைன்னு நெனச்சேன்."

"பாத்தேன்" என்றேன்.

என் கணவர் பாறைமேல் உட்கார்ந்து சத்தமாக அழுதார். என்னைத் திட்டக்கூட அந்த இடத்தில் யாரும் இல்லை.

மறுநாள் மருந்து வந்தது. மிச்சமிருந்த பதினாறுக்கும் கொடுத்தோம். பத்து நாளில் பன்னிரண்டு போயின. ஒரேயடியாகப் போயிருந்தால் ஒரே தடவை அழுதிருக்கலாம். காலையில் ஒன்று, மறுநாள் இரண்டு, ஒருநாள் ஒன்றும் இல்லாமல் இருந்து நம்பிக்கை கொடுத்து, அடுத்த நாள் மூன்று. சினையாக இருந்தவை குட்டியை வீசிவிட்டுச் செத்தன. பிழைத்தவை நான்கு. நாலு ஆட்டை வைத்து ஒரு ஆள் சாப்பிட முடியாது என்பது ஆடு வளர்க்கும் எவருக்கும் தெரியும். அவற்றையும் டாக்டரம்மா மாதக்கணக்கில் விற்கக் கூடாது, அறுக்கக் கூடாது என்று சொல்லிவிட்டார்.

குழி வெட்ட ஆள் கிடைக்காதபோது கடப்பாரையோடு வந்தவர் பக்கத்து நிலத்துக்காரர். நான் அவரிடம் போய், "அன்னிக்கு நான் பேசினது தப்புங்க. அது எங்க தோட்டத்து இலைதாங்க" என்றேன். அவர் குழியைப் பார்த்துக்கொண்டே, "இன்னும் ரெண்டடி ஆழம் போவணும்ங்க, இல்லாட்டி நாய் தோண்டிடும்" என்றார். மன்னித்தாரா இல்லையா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. கேட்கவும் இல்லை.

தகரப் பலகையை அன்றே கழற்றிவிட்டேன். மிச்சமிருந்த வைனைச் சாக்கடையில் ஊற்றினேன். துத்தத்தை ஒரேயடியாக நிறுத்த முடியவில்லை. நிறுத்தினால் அடுத்த மழையில் பந்தல் கருகிவிடும். குறைத்திருக்கிறோம். இலையைக் குழிவெட்டிப் புதைக்கிறோம். பந்தலுக்கடியில் மண்ணைக் கிளறினால் மண்புழுவே இல்லை என்பதை இப்போதுதான் கவனிக்கிறேன். எப்போதிலிருந்து இல்லை என்று சொல்லத் தெரியவில்லை. புழு இல்லாததை யார் கணக்கு வைத்துக்கொள்கிறார்கள்?

பாவசங்கீர்த்தனத்தில் சாமியாரிடம் சொன்னேன். சொல்லிக்கொண்டே அழுதேன். அபராதமாகச் சில செபங்கள் கொடுத்தார். பெஞ்சில் உட்கார்ந்து அவற்றைச் சொல்லி முடிக்கக் கால் மணி நேரம்கூட ஆகவில்லை. அவ்வளவுதானா என்று எனக்குக் கோபம்கூட வந்தது.

ஊரில் கேட்டவர்களிடம் நாத்தனார், "சீக்கு வந்துடுச்சுங்க" என்று மட்டும் சொன்னாள். எங்கள் பெயரை எங்கேயும் எடுக்கவில்லை. நான் போய் அவள் முன்னால் நின்றேன். திட்டுவாள் என்று எதிர்பார்த்து நின்றேன். மண்ணை வாரித் தூற்றியிருந்தால்கூட எனக்கு நல்லதாக இருந்திருக்கும். அவள், "உக்காருங்க அண்ணி" என்று முக்காலியை எடுத்துப் போட்டாள்.

மாசி மாதம் கவாத்துக்கு ஆள் சொல்லியிருந்தேன். காலையில் ஐந்து பெண்கள் வந்தார்கள். ஆறாவதாக நாத்தனார் வந்து ஓரமாக நின்றாள். கையில் சாப்பாட்டு டப்பா. தலையில் துண்டு கட்டியிருந்தாள். அவளைப் பார்த்ததும் என் கணவர் மோட்டார் ரூமுக்குப் பின்னால் போய்விட்டார்.

அவளைத் தனியாகக் கூப்பிட்டேன். "நீ எதுக்கும்மா கூலிக்கு வர்ற? வூட்டுக்கு வந்துடு. உங்கண்ணன் வூடு அது. மூணு வேளையும் சாப்பிடு, இரு. உனக்குச் செய்யவேண்டியது எங்க பொறுப்பு" என்றேன்.

"வேலயக் குடுங்க அண்ணி" என்றாள்.

"வேல செய்யணும்னு என்ன இருக்கு உனக்கு?"

"சும்மா உக்காந்து சாப்பிட்டா என்னிக்காவது ஒரு நாளு சொல்லிக் காட்டிடுவீங்க" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. இன்றைக்கு வெயில் ஏறும் என்று சொல்வதுபோலத்தான் சொன்னாள்.

மாட்டேன் என்று சொல்ல வாயெடுத்தேன். என்னை எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரியும். கத்தரியை எடுத்து அவள் கையில் கொடுத்தேன்.